காணாமல் போன பிரெஞ்சு மௌனப்படத்தைத் தேடுகிறீர்களா? காகிதத்திலிருந்து தொடங்குங்கள்

முதல் உலகப்போருக்கு முந்தைய பிரெஞ்சு மௌனப்படம் ஒன்றைப் பற்றி ஆய்வேடு எழுத வேண்டும். அல்லது உங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் திரையிட வேண்டும். அல்லது பிடித்த நாவல் ஒன்றின் முதல் திரைவடிவம் என்ன ஆனது என்று தெரிந்துகொள்ள வேண்டும். இணையத்தில் தேடினால் "படம் தொலைந்துவிட்டது" என்ற ஒற்றை வரியோடு எல்லாம் முடிந்துவிடும். பலர் அத்தோடு கைகழுவிவிடுகிறார்கள். இந்த வேலையில் நான் தட்டுத் தடுமாறி, யார் யாரிடமோ கேட்டுத்தான் வழி கண்டுபிடித்தேன். எந்தக் கதவை எந்த வரிசையில் தட்ட வேண்டும் என்று ஒரே இடத்தில் எழுதி வைத்தவர்கள் யாரும் இல்லை. அதனால் இது.

வரலாறு சொல்லப் போவதில்லை. அதற்கு நல்ல புத்தகங்கள் இருக்கின்றன. ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: படச்சுருளைத் தேடிக் கிளம்பாதீர்கள். காகிதம் முதலில், சுருள் கடைசியில். ஒரு படத்தின் சுருள் முழுக்க அழிந்திருந்தாலும் அதன் கதைச்சுருக்கம், விளம்பரம், தணிக்கை அட்டை, நிழற்படம், விமர்சனம் இவற்றில் ஏதாவது ஒன்று எங்காவது இருக்கும். சுருள் பிழைத்திருந்தால், அதை அடையாளம் காண உதவப்போவதும் இந்தக் காகிதங்கள்தான்.

1. படம் உண்மையிலேயே இல்லையா என்று பாருங்கள்

இணையத்தில் உலவும் "தொலைந்த படங்கள்" பட்டியல்களை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். நடைமுறையில் நான்கு நிலைகள் உண்டு. ஒரு சட்டம்கூட (ஃபிரேம்) மிஞ்சாதது. துண்டாக மட்டும் மிஞ்சியது. முழுதாக இருந்தும், எளிதில் தீப்பற்றும் பழைய நைட்ரேட் சுருளிலிருந்து இன்னும் பிரதி எடுக்காததால் பார்க்க முடியாதது. வேறு பெயரில், வேறு நாட்டுப் பெட்டியில் கிடப்பது. உங்கள் படம் எந்த நிலையில் இருக்கிறது என்பதைப் பொறுத்து அடுத்த வேலை மாறும்.

முதலில் இலவசமாகப் பார்க்கக் கிடைப்பவை. பாரிஸின் திரைப்படக் காப்பகமான சினிமாதெக் ஃப்ரான்ஸேஸ் 2020-இல் தொடங்கிய ஆன்ரி என்ற தளத்தில் சீரமைத்த மௌனப்படங்கள் இருக்கின்றன. ஆம்ஸ்டர்டாமின் ஐ ஃபிலிம்மியூசியமும் தன் சேகரிப்பில் பலவற்றை இணையத்தில் வைத்திருக்கிறது. அடுத்து, உலகத் திரைப்பட ஆவணக்காப்பகங்களின் கூட்டமைப்பான ஃபியாஃப் நடத்தும் மௌனப்படத் தரவுத்தளம். எந்தப் படம் எந்தக் காப்பகத்தில் இருக்கிறது என்று அதில் பார்க்கலாம். அது சந்தா கட்டிப் பயன்படுத்துவது. சொந்தப் பணத்தில் வாங்க வேண்டாம். வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் நண்பர் யாராவது இருந்தால், அவருடைய நூலகத்தில் அது உண்டா என்று கேட்டுப் பாருங்கள்.

பிரெஞ்சுப் படத்தைப் பிரான்சில் மட்டும் தேடுவதுதான் புதியவர்கள் முதலில் வழுக்கும் இடம். 1907 வரை பத்தே (Pathé) என்ற பிரெஞ்சுப் படநிறுவனம் பிரதிகளை வாடகைக்கு விடாமல் மீட்டர் கணக்கில் விற்றுக்கொண்டிருந்தது. வாங்கியவர் ஓட்டினார், தேய்ந்ததும் இன்னொருவருக்குக் கைமாற்றினார். அப்படித்தான் சுருள்கள் உலகமெங்கும் சிதறின. 1905-இல் திருச்சியில் ரயில்வே ஊழியரான சாமிக்கண்ணு வின்சென்ட், டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் விலைக்கு வாங்கி ஊர் ஊராகக் காட்டியது இந்தச் சந்தையின் ஒரு கிளைதான். டச்சு விநியோகஸ்தர் ஜான் டெஸ்மெட் சேர்த்து வைத்த சுமார் 900 படங்கள் இன்று ஆம்ஸ்டர்டாமில் இருக்கின்றன. 2011-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் ஏறிய சேகரிப்பு அது. கோமோன், பத்தே, எக்லேர் ஆகிய பிரெஞ்சு நிறுவனங்களின் படங்கள் அதில் ஏராளம். சுவிட்சர்லாந்தின் பாசெல் நகரில் ஜோயே என்ற இயேசு சபைப் பாதிரியார் சேர்த்தவை இப்போது பிரிட்டனில், பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டின் தேசியக் காப்பகத்தில். ஆரம்பகாலப் பிரெஞ்சு இயக்குநர் மெலியெஸின் நிலவுப் பயணப் படத்தின் வண்ணப் பிரதி 1993-இல் கிடைத்தது பார்சிலோனாவில்.

2. படத்துக்கு ஒரு ஜாதகம் எழுதுங்கள்

ஒரு தாளை எடுத்து இந்த விவரங்களை நிரப்புங்கள்: பிரெஞ்சுத் தலைப்பு, தயாரித்த நிறுவனம், அதன் விற்பனைப் பட்டியலில் படத்தின் எண் (கேட்டலாக் எண்), மீட்டரில் நீளம், வெளியான மாதம், ஆண்டு, நடிகர்கள், மூலக்கதை. இயக்குநர் பெயரைக் கடைசியில் போடுங்கள். காரணம் பின்னால் வருகிறது.

பத்தே படமென்றால் வேலை பாதி முடிந்தது. ஆன்ரி பூஸ்கே என்ற ஆய்வாளர் பத்தே கேட்டலாக்குகளை ஆண்டுவாரியாகத் தொகுத்து வைத்திருக்கிறார். அதை அடிப்படையாகக் கொண்ட இணையத் திரைப்படப் பட்டியலை ஜெரோம் செய்டூ-பத்தே அறக்கட்டளை இலவசமாகத் திறந்து வைத்திருக்கிறது. தலைப்பு, எண், நீளம், பல நேரங்களில் கதைச்சுருக்கம்கூட அதில் கிடைக்கும். கோமோன், எக்லேர் படங்களுக்கு இவ்வளவு வசதி இல்லை. பத்திரிகைகளையும் பழைய கேட்டலாக்குகளையும் வைத்துத்தான் கட்ட வேண்டும்.

நீளத்தைக் கட்டாயம் எழுதுங்கள். 35 மி.மீ. சுருளில் ஒரு மீட்டருக்குச் சுமார் 52 சட்டங்கள். நொடிக்கு 16 சட்டம் என்று ஓட்டினால் 300 மீட்டர் ரீல் 16 நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல் ஓடும். 18 சட்டம் என்றால் பதினான்கரை நிமிடம். கேட்டலாக்கில் 300 மீட்டர் என்று இருந்து, காப்பகப் பதிவில் 180 மீட்டர் என்று இருந்தால், உங்கள் படத்தில் ஐந்தில் இரண்டு பங்கு காணோம் என்று படத்தைப் பார்ப்பதற்கு முன்பே தெரிந்துவிடும். யூடியூபில் இருக்கும் நிமிடக் கணக்கை இதற்கு நம்ப வேண்டாம். ஏற்றியவர் எந்த வேகத்தில் ஓட்டினார் என்பது அவருக்கே தெரிந்திருக்காது.

சரி, இயக்குநர் விஷயம். அந்தக் காலத்தில் படத்தில் இயக்குநர் பெயர் போடும் வழக்கமே பெரும்பாலும் இல்லை. இன்று நீங்கள் பார்க்கும் பெயர்கள் பல பிற்காலத்தில் ஊகித்து ஒட்டியவை. கோமோனில் படங்களை இயக்கிவந்த அலிஸ் கீ 1907-இல் அமெரிக்கா போனதும் இன்னொரு இயக்குநரான லூயி ஃபெய்யாட் தயாரிப்புப் பொறுப்புக்கு வந்தார். அதையொட்டிய ஆண்டுகளின் படங்களில் யார் எதை எடுத்தது என்பது இன்னும் சண்டைக்குரிய விஷயம். ஆகவே இயக்குநர் பெயரை வைத்து மட்டும் தேடினால் பாதிப் படங்கள் நழுவிவிடும்.

அடுத்த பொறி, ஒரே கதை பல படங்கள். அலிஸ் கீயின் முட்டைக்கோஸ் தேவதைப் படம் நல்ல எடுத்துக்காட்டு. 1896-இல் எடுத்ததாக அவரே சொன்ன படம் ஒன்று. இன்று நாம் பார்க்கும் சுருள் கோமோன் கேட்டலாக்கின்படி 1900-ஐச் சேர்ந்தது. 1902-இல் அதே கருவை இன்னும் விரிவாக, மருத்துவச்சி என்ற தலைப்பில் எடுத்தார். இந்த மூன்றையும் ஒன்றாகக் குழப்பி எழுதிய கட்டுரைகளை எண்ணி மாளாது. விக்தோர் ஹியூகோவின் ஏழை படும் பாடும் அப்படித்தான். அல்பேர் கப்பெல்லானி 1912-இல் இலக்கியப் படைப்புகளைப் படமாக்கிய பத்தேவின் எஸ்.சி.ஏ.ஜி.எல். பிரிவுக்காக எடுத்தது நான்கு பாகப் படம். ஆன்ரி ஃபெஸ்கூர் 1925-இல் எடுத்தது முற்றிலும் வேறு படம். இணையத்தில் கிடைக்கும் ஸ்டில் எந்தப் படத்துடையது என்று உறுதி செய்யாமல் கட்டுரையில் ஒட்டிவிடாதீர்கள்.

3. வேற்று நாட்டுப் பெயர்களைச் சேருங்கள்

புதியவர்கள் தாண்டிப் போய்விடும் படி இது. பலன் தருவதும் பெரும்பாலும் இதுதான்.

ஏற்றுமதியான ஒவ்வொரு படத்துக்கும் ஒவ்வொரு நாட்டிலும் உள்ளூர் விநியோகஸ்தர் ஒரு பெயர் வைத்தார். மூலத் தலைப்போடு அதற்குச் சம்பந்தம் இருக்க வேண்டிய அவசியம் இல்லை. ஜாக் ஃபெய்டர் 1928-இல் எமில் ஸோலாவின் தெரேஸ் ராக்கானைப் படமாக்கினார். பிரெஞ்சு மௌன நாடகப் படங்களில் தொலைந்துபோன பெரிய இழப்புகளில் ஒன்று என்று விமர்சகர்கள் இன்றும் புலம்பும் படம். அது அமெரிக்காவில் ஓடியது 'ஷேடோஸ் ஆஃப் ஃபியர்' என்ற பெயரில். எடுத்தது பெர்லினில், ஜெர்மன் நிறுவனத்தோடு சேர்ந்து. ஆகவே பாரிஸில் மட்டும் உட்கார்ந்து தேடுபவருக்கு அதன் தடயங்களில் பாதி கண்ணில் படவே படாது. இதே நாவலை 1915-இல் இத்தாலியிலும் படமாக்கினார்கள். அதுவும் இல்லை. பழைய பத்திரிகையில் ஒரு குறிப்பு கிடைத்தால் எந்தப் படத்தைப் பற்றியது என்று ஆண்டைப் பாருங்கள்.

பெயர்களைப் பிடிக்க மூன்று இடங்கள்:

அமெரிக்கா: அக்கால வணிக இதழான மூவிங் பிக்சர் வேர்ல்டு. மீடியா ஹிஸ்டரி டிஜிட்டல் லைப்ரரி என்ற இணைய நூலகத்தில் முழுமையாக, இலவசமாகத் தேடலாம். வாராவாரம் வெளியான படங்களின் கதைச்சுருக்கம் ஆங்கிலத்தில் இருக்கும். கதையை ஒப்பிட்டுத்தான் உங்கள் படத்தைக் கண்டுபிடிக்க வேண்டும், தலைப்பை வைத்து அல்ல. நடிகர் பெயர்களும் பெரும்பாலும் இருக்காது. கதாபாத்திரப் பெயர்களைக்கூட ஆங்கிலமாக்கியிருப்பார்கள்.

ஜெர்மனி: கொலோன் பல்கலைக்கழகத்தில் இருக்கும் ஆரம்பகால சினிமாத் தரவுத்தளம். 1920 வரை அங்கே வந்த படங்களின் ஜெர்மன் தலைப்பும் பிரெஞ்சுத் தலைப்பும் அதில் இருக்கும். 1920-க்குப் பிறகு ஜெர்மனியில் ஒவ்வொரு படத்துக்கும் தணிக்கை அட்டை உண்டு. காட்சிகளுக்கு இடையே வரும் எழுத்து அட்டைகளில், அதாவது டைட்டில் கார்டுகளில், இருந்த வாசகம் வரிக்கு வரி அதில் தட்டச்சு ஆகியிருக்கும். சுருள் இல்லாத படத்துக்கு இதைவிடப் பெரிய புதையல் கிடையாது.

ஸ்வீடன்: 1911-இலேயே அரசுத் தணிக்கை வந்துவிட்டது. போருக்கு முந்தைய பிரெஞ்சுப் படம் அங்கே போயிருந்தால் தணிக்கைப் பதிவில் அதன் நீளமும், வெட்டு விழுந்திருந்தால் அந்த விவரமும் கிடைக்க நல்ல வாய்ப்பு.

4. பழைய பத்திரிகைகளை வீட்டிலிருந்தே படியுங்கள்

பிரான்ஸ் தேசிய நூலகத்தின் கல்லிகா தளம் இலவசம். கொமேடியா என்ற நாடக நாளிதழ் 1907-இலிருந்து அதில் இருக்கிறது. சினே-ஜூர்னால் 1908-இல் தொடங்கிய சினிமா வார இதழ். அதையும் இணையத்தில் பக்கம் பக்கமாகப் படிக்கலாம்.

தேடுபொறி பழைய அச்சைச் சரியாகப் படிக்காது. தலைப்பில் ஒரு எழுத்து மாறினாலும் "ஒன்றும் இல்லை" என்று சொல்லிவிடும். தலைப்பை விட்டுவிட்டு நடிகரின் குடும்பப் பெயரை மட்டும் போட்டுத் தேடுங்கள். அக்காலப் பத்திரிகைகளில் முதற்பெயர் அநேகமாக வராது, "திரு. க்ரௌஸ்" என்றுதான் இருக்கும். கப்பெல்லானி படத்தில் ழான் வால்ழானாக நடித்த ஆன்ரி க்ரௌஸை முழுப் பெயரில் தேடினால் பல குறிப்புகள் தவறிவிடும். அதுவும் கிடைக்கவில்லையா? வெளியான வாரத்தைக் கணித்து இதழைப் பக்கம் பக்கமாகப் புரட்டுங்கள். கோமோன்-பாலஸ் போன்ற பெரிய அரங்குகளின் வார நிகழ்ச்சி விளம்பரங்களில் அன்றைய படங்களின் பெயர்கள் இருக்கும். அலுப்பான வேலைதான், குறுக்கு வழி கிடையாது.

பிரெஞ்சு தெரியாது என்பது இதற்குத் தடையில்லை. கதைச்சுருக்கங்கள் எளிய நடையில்தான் இருக்கும். மொழிபெயர்ப்புக் கருவியை வைத்துச் சமாளிக்கலாம். நாட்டுப்பெயர், ஆள்பெயர், எண் இவற்றை மட்டும் மூலத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

5. காப்பகத்துக்கு எழுதும் மடல்

ஜாதகம் நிரம்பிய பிறகுதான் மடல். "உங்களிடம் பழைய பிரெஞ்சுப் படங்கள் என்னென்ன இருக்கின்றன?" என்று எழுதினால் பதில் வராது. வந்தாலும் கேட்டலாக் இணைப்பு ஒன்றை அனுப்பிவிட்டுச் சும்மா இருந்துவிடுவார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. ஒரு மேசையில் இரண்டு பேர் உட்கார்ந்து உலகம் முழுக்க வரும் கேள்விகளுக்குப் பதில் எழுதுகிறார்கள்.

ஒரு மடலில் ஒரு படம். முதல் பத்தியில் நீங்கள் யார், எதற்காக. இரண்டாவதில் தலைப்பு, மற்ற நாட்டுத் தலைப்புகள், நிறுவனம், ஆண்டு, கேட்டலாக் எண், மீட்டர். மூன்றாவதில் கேள்வி: சுருள் இருக்கிறதா, எவ்வளவு மீட்டர், பார்வைப் பிரதி (பார்ப்பதற்கென எடுத்த நகல்) இருக்கிறதா, நேரில் வந்தால் பார்க்க முடியுமா. பிரெஞ்சில் எழுதுங்கள், கீழே ஆங்கிலத்தையும் சேருங்கள். பேராசிரியர் அல்லது திரைப்படச் சங்கச் செயலாளரின் கடிதத்தை இணையுங்கள். ஒரு காப்பகத்தில் என் மடல் மாதக்கணக்கில் கிடந்தது. அதே கேள்வியைக் கல்லூரி முகவரியிலிருந்து அனுப்பியதும் பதில் வந்தது. நியாயமா என்று கேட்காதீர்கள், நடப்பு அப்படி.

பதிலுக்குச் சில வாரம் பொறுங்கள். பிறகு சுருக்கமாக ஒரு நினைவூட்டல். ஜூலை பிற்பாதியிலும் ஆகஸ்டிலும் அனுப்பாதீர்கள். பாரிஸே விடுமுறையில் இருக்கும்.

6. கிளம்பும் முன்: தாள்கள், செலவு, நேரம்

ஷெங்கன் நாடுகளில் வாழ்பவர்கள் விசாப் பத்தியைத் தாண்டிவிடலாம்.

இந்தியாவிலிருந்தோ இலங்கையிலிருந்தோ போகிறவர்களுக்குக் குறுகிய கால ஷெங்கன் விசா வேண்டும். 2024 ஜூனிலிருந்து பெரியவர்களுக்குக் கட்டணம் 90 யூரோ, அதோடு விசா மையத்தின் சேவைக் கட்டணம். பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம். முடிவுக்கு வழக்கமாக 15 நாள் என்பது விதி, ஆனால் முன்பதிவு நேரம் கிடைப்பதே கோடையில் பெரும்பாடு. குறைந்தது 30,000 யூரோவுக்கு மருத்துவக் காப்பீடு கட்டாயம். காப்பகத்திலிருந்து வந்த "இந்தத் தேதியில் வந்து பார்க்கலாம்" என்ற மடலை அச்செடுத்து விண்ணப்பத்தோடு வையுங்கள். போகும் நோக்கத்துக்கு அதைவிட நல்ல அத்தாட்சி இல்லை. அதனால்தான் மடலை ஐந்தாம் படியில் வைத்தேன். பயணச்சீட்டு வாங்கிவிட்டுக் காப்பகத்துக்கு எழுதினால், நீங்கள் பாரிஸில் இருக்கும் வாரத்தில் பார்வை அறை நிரம்பியிருக்கும்.

கையில் எப்போதும் இருக்க வேண்டியவை: கடவுச்சீட்டு, தங்குமிட முகவரி, ஆய்வுக்கான கடிதம், பார்க்க விரும்பும் ஆவணங்களின் பட்டியல், பென்சில். பேனாவை அரிய ஆவண அறைகளுக்குள் விடமாட்டார்கள்.

தங்குவதற்கு, தமிழ்க் கடைகள் நிறைந்த கார் து நோர், லா ஷப்பல் பக்கம் இடம் பாருங்கள். சாப்பாட்டுச் செலவு பாதியாகும், இட்லி தோசைக்கும் கவலை இல்லை.

7. பாரிஸில் எந்தக் கதவு

நான்கு இடங்கள் முக்கியம். மெட்ரோ 14-ஆம் வழியும் 6-ஆம் வழியும் தெரிந்தால் போதும்.

பிரான்ஸ் தேசிய நூலகம், ரிஷ்லியூ வளாகம். நிகழ்த்துகலைத் துறை இங்கேதான். பத்தே போன்ற நிறுவனங்கள் சட்டப்படி நூலகத்தில் ஒப்படைத்த, படங்களின் எழுத்துவடிவக் கதைகள் இங்கே சேமிப்பில் இருக்கின்றன. பல படங்களுக்கு இவை ஒரே ஒரு தாள், இரண்டு தாள்தான். ஆனால் படம் வெளிவரும் முன் நிறுவனமே எழுதியது என்பதால், பிற்காலத்தவர் சொல்லும் கதையைவிட நம்பகமானது. எந்தப் பெட்டி வேண்டும் என்று முன்கூட்டியே எழுதிக் கேளுங்கள்.

அதே நூலகத்தின் பிரான்சுவா மித்தரான் வளாகம். இங்கே குழப்பம் அதிகம். மேல்தளம் பொதுமக்களுக்கு. ஆய்வாளர்களுக்கானது கீழ்த்தளம். கீழே போக நேர்காணல் உண்டு. என்ன தேடுகிறீர்கள், அது ஏன் வேறெங்கும் கிடைக்காது என்று கேட்பார்கள். மேல்தள அட்டை வாங்கிக்கொண்டு கீழே இறங்க முடியாமல் திரும்பியவர்கள் உண்டு. அட்டையில் சில நாளுக்கு, ஓராண்டுக்கு என்று வகைகள் இருக்கின்றன. விலையை அவர்கள் தளத்தில் பார்த்துவிட்டுப் போங்கள். சி.என்.சி. எனப்படும் தேசியத் திரைப்பட மையத்தின் சேகரிப்பிலிருந்து படம் பார்ப்பதும் இந்தக் கீழ்த்தளத்தில்தான். சுருள்கள் இருப்பது நகருக்கு வெளியே புவா தார்சி கோட்டையில். அங்கே நேராகப் போய் நிற்காதீர்கள்.

சினிமாதெக் ஃப்ரான்ஸேஸின் நூலகம், பெர்சி. சுவரொட்டி, ஸ்டில், கடிதம், செய்தித்தாள் துண்டு எல்லாம். போவதற்கு முன் சினே-ரெசூர்ஸ் என்ற கூட்டுப் பட்டியலில் தேடி, எண்களைக் குறித்துக்கொள்ளுங்கள். அரிய ஆவணங்களுக்குத் தனியாக நேரம் வாங்க வேண்டும்.

ஜெரோம் செய்டூ-பத்தே அறக்கட்டளை, கோபலான் நிழற்சாலை 73. இளம்வயதில் சிற்பி ரோதான் செதுக்கிய பழைய நாடக அரங்கின் முகப்பை அப்படியே வைத்து, உள்ளே கட்டடக் கலைஞர் ரென்சோ பியானோ வடிவமைத்த புதுக் கட்டடம். பத்தே படம் தேடுகிறவர் இங்கே போகாமல் வரக் கூடாது. நேரம் குறித்துக்கொண்டுதான் போக வேண்டும். கீழே 68 இருக்கைகள் கொண்ட அரங்கில் மௌனப்படங்களை நேரடிப் பியானோவோடு ஓட்டுகிறார்கள். ஒரு மாலை அங்கே உட்கார்ந்துவிட்டு வாருங்கள். மடிக்கணினியில் பார்த்த படம் இதுதானா என்று சந்தேகம் வரும்.

8. சுருளைப் பார்க்கும்போது

மூல நைட்ரேட்டை உங்கள் கையில் தரமாட்டார்கள். பார்வைப் பிரதியோ டிஜிட்டல் கோப்போ கிடைக்கும். பார்க்கும்போது குறிக்க வேண்டியவை சில.

பின்னணிச் சுவரைப் பாருங்கள். திருட்டுப் பிரதி எடுப்பவர்களைத் தடுக்க, பத்தேவினர் தங்கள் சேவல் சின்னத்தை அரங்கப் பொருள்களோடு சேர்த்தே வைத்துவிடுவார்கள். கண்ணீரும் கம்பலையுமாகக் கதாநாயகி விழுந்து கிடக்கும் அறையின் ஓரத்தில் ஒரு சேவல் மரத்தகடு நிற்கும். மெலியெஸ் படங்களில் நட்சத்திரம். தலைப்பு அறுந்துபோன துண்டுப் படத்துக்கு இந்தச் சேவல்தான் முகவரி.

மூலத்தின் ஓரங்களை ஸ்கேன் செய்திருந்தால் அதையும் காட்டச் சொல்லுங்கள். ஓரத்துளைகளுக்கு அருகே நிறுவனத்தின் பெயர், சில ஆண்டுகளில் முகவரியும் சேர்ந்து, பொடி எழுத்தில் அச்சாகியிருக்கும். அந்த வாசகம் காலத்துக்குக் காலம் மாறியது. எனவே பிரதி எடுத்த ஆண்டை அதை வைத்து ஓரளவு கணிக்கலாம். படம் எடுத்த ஆண்டும் பிரதி எடுத்த ஆண்டும் வேறு என்பதை மறக்க வேண்டாம்.

டைட்டில் கார்டு எந்த மொழியில் இருக்கிறது என்று குறியுங்கள். டச்சு அட்டைகளோடு இருக்கும் பிரதியில் கதாபாத்திரங்களின் பெயரும், சில நேரம் முடிவும்கூட மாறியிருக்கலாம். வண்ணம் இருந்தால், சாயத்தில் தோய்த்ததா, அச்சுத்தகடு வெட்டிப் பகுதி பகுதியாகப் பூசியதா என்று காப்பாளரிடமே கேளுங்கள். இப்படிக் கேட்பவர்களை அவர்களுக்குப் பிடிக்கும்.

9. சந்தையில் ஒரு டப்பா கிடைத்தால்

பாரிஸின் பழம்பொருள் சந்தைகளிலும் இணைய ஏலத்திலும் சுருள்கள் வரும். 35 மி.மீ. மௌனப்படச் சுருள் என்றால் அது நைட்ரேட் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். வாங்காதீர்கள். காரமான நெடி, பிசுபிசுப்பு, தேன்போல் வடிதல், பழுப்புத்தூள் இவையெல்லாம் சிதைவின் படிகள். முற்றிலும் கெட்டுப்போன சுருள் 41 டிகிரி சூட்டிலேயே தானாகப் பற்றிக்கொண்டதாகச் சோதனைகள் உண்டு. சென்னையில் மே மாதம் நினைவுக்கு வருகிறதா? பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். விமானத்தில் கொண்டுவர முடியாது, சாதாரண அஞ்சலில் அனுப்புவதும் குற்றம். ஏற்கெனவே கையில் வந்துவிட்டதென்றால் திறக்காமல், குளிர்ந்த இடத்தில் வைத்து, சி.என்.சி.-க்கோ அருகிலுள்ள காப்பகத்துக்கோ தகவல் கொடுங்கள்.

பத்தே-பேபி 9.5 மி.மீ. சுருள்கள் வேறு கதை. 1922 இறுதியில் வீட்டுப் பயன்பாட்டுக்காக வந்தவை. எளிதில் தீப்பிடிக்காத அசிடேட், விலையும் குறைவு. பழைய நாடகப் படங்களைச் சுருக்கி இதில் வெளியிட்டார்கள். 35 மி.மீ.-இல் அழிந்துபோன சில படங்கள் இந்தச் சின்ன உருளைகளில் மட்டுமே உயிரோடு இருக்கின்றன. 1912-இல் வந்த 28 மி.மீ. பத்தே-கோக்கும் அப்படியே.

இவற்றை ஸ்கேன் செய்யக் கொடுக்கும்போது ஒன்றைச் சொல்லிக் கொடுங்கள். 9.5 சுருளில் துளை நடுவில், சட்டத்துக்கும் சட்டத்துக்கும் இடையில் இருக்கும். ஓரத்தில் ஆங்காங்கே சின்ன வெட்டு ஒன்றும் இருக்கும். சேதம் என்று நினைத்துவிடக் கூடாது. அந்த வெட்டு வந்ததும் பழைய புரொஜெக்டர் சில நொடி அந்தச் சட்டத்திலேயே நிற்கும். அதனால் ஒரு டைட்டில் கார்டுக்கு ஓரிரு சட்டமே போதுமாயிருந்தது. சுருளை மிச்சம் பிடிக்கும் தந்திரம். இன்றைய ஸ்கேனர் நிற்காமல் ஓடிவிடும், அட்டை கண்சிமிட்டும் நேரத்தில் மறைந்துவிடும். "இதில் எழுத்தே இல்லை" என்று கோப்பை அனுப்பிய கடைக்காரரும் உண்டு. வெட்டு உள்ள சட்டங்களைத் தனியாகக் குறித்துத் தரச் சொல்லி, பிறகு கணினியில் சில நொடி நிறுத்தி வையுங்கள்.

10. உரிமையும் பணமும்

பிரான்சில் பதிப்புரிமை, படைப்பாளி இறந்த ஆண்டு முடிந்து 70 ஆண்டுகள் வரை. இயக்குநரை மட்டும் பார்த்தால் போதாது. திரைக்கதை எழுதியவர் போன்ற கூட்டுப் படைப்பாளிகளில் கடைசியாக இறந்தவரைக் கணக்கில் எடுக்க வேண்டும். ஃபெய்யாட் 1925-இல், கப்பெல்லானி 1931-இல், இயக்குநர் லியோன்ஸ் பெரே 1935-இல், மெலியெஸ் 1938-இல் இறந்தார்கள். அவர்கள் அளவில் காலம் முடிந்துவிட்டது. அலிஸ் கீ இறந்தது 1968-இல். ஆகவே அவருடைய படங்களுக்குப் பிரான்சில் 2038 முடியும்வரை உரிமை உண்டு. 1900-இல் எடுத்த படம்தானே என்று அலட்சியமாக இருக்காதீர்கள். இந்தியாவில் கணக்கு வேறு: திரைப்படத்துக்கு வெளியான ஆண்டிலிருந்து 60 ஆண்டு.

உரிமை முடிந்தாலும் செலவு முடியாது. சுருளை வைத்திருப்பவர் ஸ்கேன் கட்டணம், திரையிடல் கட்டணம் கேட்கலாம். அது பிரதிக்கான பணம். புதிதாகச் சீரமைத்த பதிப்பில் சேர்த்த இசைக்குத் தனி உரிமை இருக்கும். சங்கத்தில் காட்டுவதற்குக் கேட்பதானால் இசையில்லாத கோப்பைக் கேளுங்கள். மலிவாகவும் கிடைக்கும், உள்ளூர் இசைக்கலைஞர் ஒருவரை உட்கார வைக்கவும் வசதி. ஸ்டில் ஒன்றை அச்சில் போடுவதற்கும் விலைப்பட்டியல் உண்டு. படிப்புக்கா, விற்பனைக்கா, எத்தனை பிரதி என்று முதல் மடலிலேயே சொல்லிவிட்டால் கல்விக்கான குறைந்த கட்டணம் கிடைக்கலாம். தொகை எதுவானாலும் எழுத்தில் வாங்குங்கள், அதில் திரையிடும் தேதியும் ஊரும் இருக்கிறதா என்று பாருங்கள்.

எங்கும் வழி அடைத்தால் இரண்டு திரைப்பட விழாக்கள் இருக்கின்றன. ஜூன் கடைசியில் இத்தாலியின் போலோன்யாவில் ஒன்று, அக்டோபரில் போர்தெனோனேயில் மௌனப்படங்களுக்கென்றே ஒன்று. 2010-இலும் 2011-இலும் போலோன்யாவில்தான் கப்பெல்லானியின் படங்களைத் தொகுத்துக் காட்டினார்கள். மடலுக்குப் பதில் தராத காப்பாளர் அங்கே காபி வரிசையில் உங்களுக்கு முன்னால் நிற்பார். ஜாதகத் தாளின் நகல்கள் சிலவற்றைப் பையில் வைத்துக்கொண்டு போங்கள்.